அடித்தல் திருத்தல் இல்லாமல்

என் கணக்குகளில் அடித்தல் திருத்தல் இருக்காது. அரியலூர் மாவட்டத்தில் கிராம நிர்வாக அலுவலராக வேலை பார்த்த காலம் முழுக்க எனக்குக் கிடைத்த பெரிய பாராட்டு அதுதான். மே, ஜூனில் நடக்கும் ஜமாபந்தியில் என் புத்தகங்களைப் புரட்டிய அதிகாரிகள் பச்சை மையில் கையெழுத்துப் போட்டதோடு நிற்காமல், பக்கத்து ஊர்க்காரர்களைக் கூப்பிட்டு, “கணக்குன்னா இப்படி இருக்கணும்யா” என்று காட்டியதும் உண்டு. உருண்டையான எழுத்து, பிசகாத கூட்டல், காலியாக விடாத பத்தி.

வயலும் வீடும் அவ்வளவு ஒழுங்காகவா இருக்கும் என்று அவர்களில் ஒருவரும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் மாட்டியிருப்பேன். போய்ப் பார்க்காமல் எழுதியதால்தான் என் கணக்கு அவ்வளவு சுத்தமாக இருந்தது. ஓய்வு பெற்றுச் சில ஆண்டுகள் ஆகின்றன. “பென்ஷனுக்கு ஆபத்தில்லை என்று தெரிந்த பிறகு பேசுகிறாயா?” என்று யாராவது கேட்டால், அதையும் மறுக்க மாட்டேன்.

லஞ்சக் கதை சொல்லப்போகிறான் என்று நினைக்க வேண்டாம். சான்றிதழுக்கு நான் காசு கேட்டதில்லை. முந்திரி சீசனில் வீட்டுக்கு வந்த பருப்புப் பொட்டலத்தைத் திருப்பி அனுப்பியதும் இல்லை. அவ்வளவுதான் என் கை நீண்ட தூரம். “காசு கேக்காத மணியாரு” என்று ஊரில் பேர் இருந்தது. அந்தப் பேரே எனக்கு மறைப்பாகிவிட்டது. காசு வாங்காதவன் தப்புச் செய்ய மாட்டான் என்று ஊர் நம்பியது. ஊரைவிட அதிகமாக நான் நம்பினேன்.

மாவட்ட நிர்வாகம் என்றதும் வெளியே இருப்பவர்களுக்கு ஆட்சியர்தான் நினைவுக்கு வருவார். அவருக்குக் கீழே கோட்டாட்சியர், பிறகு வட்டாட்சியர், குறுவட்டத்துக்கு ஒரு வருவாய் ஆய்வாளர், எல்லாருக்கும் அடியில் நான், எனக்குத் துணையாக ஒரு தலையாரி. மேலேயிருந்து உத்தரவு இறங்கும், கீழேயிருந்து எண் ஏறும். எத்தனை ஏக்கர் நடவு, எத்தனை பேர் பிறந்தார்கள், எத்தனை பேர் செத்தார்கள், மழை எவ்வளவு, மாடு எத்தனை என்ற எண்ணெல்லாம் என் மேசையில்தான் பிறந்தது. மேலே போகப் போகக் கூட்டுவார்கள், படிவம் மாற்றுவார்கள், தட்டச்சு செய்வார்கள். பேருக்குச் சில புல எண்களைத் தணிக்கை செய்வதோடு சரி. மறுபடி போய் எண்ணிப் பார்க்க யாருக்கும் நேரம் கிடையாது. நான் எழுதியது ஆய்வாளர் கையெழுத்தோடு தகவலாகும், வட்டாட்சியர் கையெழுத்தோடு உண்மையாகும்.

1980 நவம்பரில் எம்.ஜி.ஆர். அரசு பரம்பரை மணியம், கர்ணம் பதவிகளை ஒழித்தது. அதன் பின் தேர்வாணையத் தேர்வு எழுதி வந்த தலைமுறை நாங்கள். பழைய கர்ணத்துக்கு எந்த வரப்பு யாருடையது என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லத் தெரியும். ஆனால் சொந்தக்காரனுக்கும் சாதிக்காரனுக்கும் சாதகமாக எழுதுவார் என்பது அவர்மீது இருந்த புகார். தேர்வெழுதி வந்தவனுக்கு அந்தச் சார்பு இருக்காது என்று நினைத்தார்கள். எனக்குச் சார்பு இல்லைதான். ஊரைப் பற்றிய அறிவும் இல்லை. அது வேண்டுமென்றால் வெயிலில் நடக்க வேண்டும். நான் அலுவலகத் திண்ணையிலும் எதிரே இருந்த டீக்கடையிலும் உட்கார்ந்தே வேலையை முடித்தேன்.

வேலையில் சேர்ந்தபோது எங்களுக்குத் திருச்சிதான் மாவட்டம். 1995-இல் பெரம்பலூர் மாவட்டத்துக்குள் வந்தோம். 2001 ஜனவரி 1-இல் அரியலூர் தனி மாவட்டம் ஆனது. 2002 மார்ச் கடைசியில் மறுபடி பெரம்பலூரோடு சேர்த்தார்கள். 2007 நவம்பர் 23-இல் திரும்பவும் பிரித்தார்கள். ரப்பர் ஸ்டாம்பு மட்டும் மாறிக்கொண்டே இருந்தது. ஒரு மனு கொடுக்க ஒரு நாள் கூலியை விட்டுத் திருச்சிக்குப் பஸ் ஏறிய ஜனங்களுக்கு ஆட்சியர் அலுவலகம் அரியலூருக்கே வந்தது பெரிய காரியம். ஆனால் கிட்டே வந்த அலுவலகமும் என் ஊரை என் கணக்கு வழியாகத்தான் பார்த்தது.

2011 கணக்கெடுப்பின்படி மாவட்டத்தின் மக்கள்தொகை 7,54,894. தமிழ்நாட்டில் பாதிக்குச் சற்றுக் குறைவானவர்கள் நகரத்தில் இருந்த அந்த ஆண்டில், இங்கே நூற்றுக்கு 89 பேர் கிராமத்தில் இருந்தார்கள். மாநிலத்திலேயே நகரவாசிகளின் விகிதம் மிகக் குறைந்த மாவட்டம் இதுதான். தெற்கே கொள்ளிடக் கரையில் நெல்லும் கரும்பும், உள்ளே செம்மண் காட்டில் முந்திரியும் நிலக்கடலையும், அரியலூரைச் சுற்றிச் சுண்ணாம்புக்கல் சுரங்கமும் சிமெண்ட் ஆலையும். இப்படிப்பட்ட மாவட்டத்தில் மனிதர்களுக்கு அரசோடு உள்ள உறவு பெரும்பாலும் இரண்டு புத்தகங்களில் இருக்கிறது. ஒன்று நிலத்தின் புத்தகம், இன்னொன்று பிறப்பு இறப்புப் புத்தகம். இரண்டும் என்னிடம் இருந்தன.

நிலத்திலிருந்து தொடங்குகிறேன். அடங்கல் என்பது கிராமக் கணக்கில் 2-ஆம் எண். ஜூலை 1-இல் தொடங்கும் பசலி ஆண்டுக்கு, ஒவ்வொரு புல எண்ணிலும் உட்பிரிவிலும் யார் பயிர் செய்கிறார், என்ன பயிர், எவ்வளவு பரப்பு, எந்தத் தண்ணீர், விளைச்சல் எப்படி என்று எழுத வேண்டும். அதற்கு மாதந்தோறும் வயலுக்குப் போக வேண்டும். முதல் ஒன்றிரண்டு பசலிக்குப் போனேன். முந்திரித் தோப்புக்குள் எல்லைக்கல்லைத் தேடுவதற்குள் நாக்குத் தள்ளிவிடும். பிறகு ஒரு சுலபவழி கண்டுபிடித்தேன். போன பசலிப் புத்தகத்தைப் பக்கத்தில் வைத்துக்கொள்வது. நெல் போட்டவன் நெல், கடலை போட்டவன் கடலை. எல்லாம் அப்படியே இருந்தால் சந்தேகம் வரும் என்பதற்காக அங்கங்கே ஒரு ஏக்கரை எள்ளாகவும் உளுந்தாகவும் மாற்றுவேன். டீக்கடைக்கு வருகிறவர்களிடம் “இந்த வருசம் என்ன போட்டீங்க?” என்று கேட்பேன். கடைக்கு வந்து உட்காரும் வழக்கம் உள்ளவர்கள் நிலம் வைத்திருக்கும் ஆம்பிளைகள்தாம் என்பது எனக்கு அப்போது ஒரு விஷயமாகவே படவில்லை.

இதில் என்ன கெட்டுப்போயிற்று என்று கேட்கலாம். எள் கூடுதலாக விளைந்ததாக மாவட்டக் கணக்கில் ஏறினால் யார் செத்துப்போனார்கள்?

2016-இல் வடகிழக்குப் பருவமழை பொய்த்தது. 2017 ஜனவரியில் தமிழ்நாட்டின் எல்லா மாவட்டங்களையும் வறட்சி பாதித்தவையாக அரசு அறிவித்தது. மூன்றில் ஒரு பங்குக்கு மேல் பயிர் கருகியிருந்தால் நிவாரணம். கணக்கெடுக்க வேளாண்மைத் துறையோடு நாங்களும் போக வேண்டும். என் ஊரில் கணிசமான நிலம் வாய்மொழிக் குத்தகையில் இருந்தது. பட்டாதாரர் ஜெயங்கொண்டத்திலோ சென்னையிலோ இருப்பார், உழுகிறவர் வேறு. குத்தகைதாரர் உரிமையைப் பதிய 1969-லேயே தனிச் சட்டம் இருக்கிறது. பதிந்தால் நிலத்தை விட்டுப் போக மாட்டான் என்று நிலக்காரருக்குப் பயம். பதியச் சொன்னால் நிலத்தைப் பிடுங்கிக்கொள்வார் என்று உழுகிறவருக்குப் பயம். இரண்டு பயத்துக்கும் நடுவே நான் சொகுசாக இருந்தேன். பயிர் செய்பவர் பெயர் எழுத வேண்டிய இடத்தில் எல்லா ஆண்டும் பட்டாதாரர் பெயரையே எழுதினேன்.

அப்படிப்பட்ட ஒரு நிலத்தில் கடலை போட்டுக் காயவிட்டிருந்த ஓர் அம்மா அலுவலகத்துக்கு வந்தார். புருசன் வளைகுடாவுக்குப் போய்த் திரும்பவில்லை. விதைக்கும் உழவுக்கும் நகையை அடகு வைத்திருந்தார். “காஞ்சது என் கடலைங்கய்யா. பணம் மட்டும் அவுங்களுக்கு எப்படிங்க?” என்று கேட்டார். அடங்கலைத் திருப்பிக் காட்டினேன். “பேரு அவுருதாம்மா இருக்கு. நான் என்ன செய்ய?” என்றேன். அந்தப் பெயரை எழுதியவனே நான்தான் என்பது இருவருக்கும் தெரியும். அவர் என்னைத் திட்டவில்லை; நாளைக்கு வேறு சான்றிதழுக்கும் என்னிடம்தானே வர வேண்டும்.

பட்டா விஷயத்தில் செய்ததும் இதன் உடன்பிறப்பு. நிலம் வைத்திருந்தவர் இறந்தால் வாரிசுகள் பெயருக்கு மாற்ற நடவடிக்கை எடுப்பது எங்கள் கடமைகளில் ஒன்று. பங்காளிச் சண்டை வரும், எதற்கு வம்பு என்று அப்படியே விட்டேன். என் ஊர்க் கணக்கில் செத்துப்போன தாத்தாக்கள் ஏராளமாக நிலம் வைத்திருந்தார்கள். ஜெயங்கொண்டம் பக்கம் பழுப்பு நிலக்கரி மின்திட்டத்துக்காக 1990-களில் ஆயிரக்கணக்கான ஏக்கர் எடுத்தார்கள். அந்தப் பகுதியில் நான் கொஞ்ச காலம் கூடுதல் பொறுப்பு பார்த்தேன். இறந்தவர்கள் பெயருக்கு அறிவிப்புகள் வந்தன. பேரன்கள் அறிவிப்பைக் கையில் வைத்துக்கொண்டு, தாத்தா செத்ததை நிரூபிக்க அலைந்தார்கள். திட்டம் வரவே இல்லை. இழப்பீட்டு வழக்குகள் வருசக்கணக்கில் இழுத்தன. கடைசியில் நிலத்தைத் திருப்பிக் கொடுப்பதென்று அரசு முடிவெடுத்தது. வாங்கும்போதும் கொடுக்கும்போதும் முதல் கேள்வி ஒன்றுதான்: நிலம் யார் பேரில் இருக்கிறது? நானும் எனக்கு முன்பின் இருந்தவர்களும் சும்மா இருந்ததற்கு வக்கீல் செலவை அந்தக் குடும்பங்கள் கட்டின.

அடுத்தது பிறப்பு இறப்புப் புத்தகம். இதைப் பற்றி எழுதத்தான் எனக்குக் கை ஓடவில்லை.

கிராம ஊராட்சிப் பகுதிகளில் பிறப்பு, இறப்புப் பதிவாளர் கிராம நிர்வாக அலுவலர்தான். ஒருவரும் வந்து சொல்லவில்லை என்பது நாங்கள் வழக்கமாகச் சொல்லும் சமாதானம். 1969-ஆம் ஆண்டுப் பதிவுச் சட்டத்தின் 7-ஆம் பிரிவைப் பிற்காலத்தில் ஒருமுறை நிதானமாகப் படித்தேன். தன் எல்லைக்குள் நடக்கும் ஒவ்வொரு பிறப்பையும் இறப்பையும் கவனமாக அறிந்துகொள்ளப் பதிவாளரே முயற்சி எடுக்க வேண்டும் என்று அதில் இருக்கிறது. அந்த ஒரு வரியின் முன்னால் என் சமாதானம் நிற்காது.

எங்கள் ஊரில் யார் செத்தாலும் எனக்குத் தெரியும். பறைச் சத்தம் கேட்கும், கடைத்தெருவில் பேச்சு அடிபடும், தலையாரி வந்து சொல்வார். அவர் சொல்வதைக் கேட்டுக்கொண்டு “சரி, சர்ட்டிபிகேட் வேணும்னா வரட்டும்” என்பேன். யாருக்கு வேண்டியிருந்தது? நிலம் இருந்தவர்களுக்கு, பாங்கியில் பணம் இருந்தவர்களுக்கு, அரசு வேலையிலிருந்து இறந்தவரின் குடும்பத்துக்கு. என் இறப்புப் பதிவேட்டை இன்று எடுத்துப் பார்த்தால் அந்த ஊரில் பெரும்பாலும் சொத்துள்ள ஆண்கள்தாம் செத்தார்கள் என்று தோன்றும். கூலிக்காரக் கிழவிகள் சாவே இல்லாதவர்கள்போல் இருப்பார்கள். அவர்கள் பேரில் ஒரு சென்ட் இல்லை. அவர்கள் செத்ததை யாரும் எங்கும் காட்ட வேண்டியிருக்கவில்லை.

வேறொரு கோணலும் உண்டு. பிறப்பையும் இறப்பையும் நடந்த இடத்தில்தான் பதிய வேண்டும். பிரசவங்கள் ஆரம்ப சுகாதார நிலையத்துக்கும் டவுன் ஆஸ்பத்திரிக்கும் போகப் போக, பிறப்புகள் வேறு புத்தகங்களில் ஏறின. என் பதிவேட்டில் பிறப்புப் பக்கம் வெளுத்துக்கொண்டே வந்தது. ஓர் ஊரில் எத்தனை பிள்ளைகள் பிறந்தன, ஆண் எத்தனை, பெண் எத்தனை என்பது அந்த ஊரின் கணக்குப்பிள்ளைக்கே தெரியாத நிலை. அது சட்டப்படி சரி. வேலை குறைந்தது என்று நான் சந்தோஷப்பட்டேன்.

2000-க்குப் பிந்தைய ஒரு சம்பவம். எங்கள் ஊர்க்காரர் ஒருவர் வெளிமாநிலத்தில் கட்டட வேலையில் சாரத்திலிருந்து விழுந்து இறந்தார். மேஸ்திரி அன்றிரவே உடலை வேனில் ஏற்றி அனுப்பிவிட்டார். அங்கேயும் பதியவில்லை. காரியம் முடிந்த பிறகு அவர் மனைவி வாரிசுச் சான்றுக்கும் விதவை உதவித்தொகைக்கும் வந்தார். “செத்தது எந்த ஊரோ அங்கதாம்மா பதியணும். அங்க போய் வாங்கிட்டு வாங்க” என்றேன். விதி அதுதான். அந்தப் பெண் அந்த மாநிலத்தின் மொழி அறியாதவர், இரண்டு பிள்ளைகளோடு இருப்பவர், மேஸ்திரி பேரைத் தவிர வேறு விவரம் தெரியாதவர் என்பதும் எனக்குத் தெரியும். அந்த ஊர்ப் பதிவாளருக்கு ஒரு கடிதம் எழுதி வட்டாட்சியர் வழியாக அனுப்பியிருக்கலாம். அரைப் பக்க வேலை. ஒருவேளை அந்தக் கடிதத்துக்குப் பதில் கேள்விகள் வந்தால் நான் பதில் சொல்ல வேண்டியிருக்கும். எழுதவில்லை. ஓராண்டு கடந்துவிட்டால் நீதிமன்ற உத்தரவு வேண்டியிருந்த காலம் அது. ஓராண்டு கடந்தது.

இனிச் சொல்லப்போவதை என் வீட்டில்கூட இதுவரை சொன்னதில்லை. ஒரு வீட்டில் பெண் குழந்தை பிறந்தது. ஏற்கெனவே அங்கே பெண்பிள்ளைகள் இருந்தார்கள். பிரசவம் வீட்டிலேயே நடந்தது. சில நாளில் குழந்தை இறந்துவிட்டதாகத் தலையாரி சொன்னார். சொன்னவர் என் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நின்றார். எதற்குப் பார்த்தார் என்று எனக்குத் தெரியாமல் இல்லை. சாயங்காலம் அந்தத் தெரு வழியாகப் போனபோது வாசலில் உட்கார்ந்திருந்த பாட்டி தானாகவே சொன்னார்: “பேரே வைக்கல. அதுக்கு என்னங்கய்யா பத்திரம்?” நான் தலையை ஆட்டிவிட்டு நடந்தேன். பிறப்பும் எழுதவில்லை, இறப்பும் எழுதவில்லை. புத்தகத்தின்படி அந்தக் குழந்தை வரவே இல்லை.

காய்ச்சலாக இருக்கலாம், மூச்சுத் திணறலாக இருக்கலாம், வேறாகவும் இருக்கலாம். அந்தக் குடும்பத்தின்மேல் பழி போட எனக்கு உரிமை கிடையாது. எழுதியிருந்தால் என்ன காரணம் என்று ஒரு பத்தியை நிரப்ப வேண்டியிருக்கும். நிரப்ப நான் உள்ளே போய்க் கேட்டிருக்க வேண்டும். அப்படி ஒருவன் வந்து கேட்பான் என்பது அந்தத் தெருவுக்கே தெரிந்திருக்கும். அந்தப் பதிவேட்டின் பயன் அதுதானே. சேலம் மாவட்டத்தில் 1992-இல் தொட்டில் குழந்தைத் திட்டம் தொடங்கியதையும், தருமபுரி, மதுரைப் பக்கமெல்லாம் அதை விரித்ததையும் செய்தித்தாளில் படித்து, “அங்கெல்லாம் ரொம்ப மோசம்பா” என்று டீக்கடையில் பேசியவன் நான்.

உண்மையான கணக்கு ஊரில் இல்லாமல் இல்லை. கிராம சுகாதாரச் செவிலியரிடம் இருந்தது. அவர் ஒரு ஸ்கூட்டியில் வீடு வீடாகப் போனார். யார் முழுகாமல் இருக்கிறார்கள், எந்த மாதம், எங்கே பிரசவம், தடுப்பூசி போட்டாயிற்றா, எந்தப் பெண் அம்மா வீட்டுக்குப் போயிருக்கிறாள் எல்லாம் அவர் நோட்டில் இருந்தது. ஒருநாள் அதை எடுத்துக்கொண்டு என் அலுவலகத்துக்கு வந்தார்.

“சார், என் நோட்டுல இருக்கறது உங்க ரிஜிஸ்தர்ல பாதிகூட இல்ல. ஒருவாட்டி ரெண்டையும் வச்சுச் சரிபார்த்துடலாமா?”

“அது உங்க டிபார்ட்மெண்ட் கணக்கும்மா. என்னதுல கை வைக்காதீங்க.”

“இல்ல சார், விட்டுப்போனத எழுதிக்கலாமேன்னுதான்...”

“எழுதினா ஏன் லேட்டுன்னு எனக்குத்தான் மெமோ வரும். நீங்களா பதில் சொல்லுவீங்க?”

அவர் நோட்டை மூடிக்கொண்டு போனார். வயதில் என்னைவிடச் சின்னவர், பதவியில் என் எல்லைக்குள் வராதவர். வேலையில் என்னைவிடப் பெரியவர் என்பதை ஒத்துக்கொள்ள எனக்கு மனசு வரவில்லை. அன்றைக்கு அந்த மேசையில் இரண்டு நோட்டையும் சேர்த்துப் பிரித்திருந்தால் மேலே எழுதியதில் பாதியை நான் எழுத வேண்டியிருக்காது.

2011 கணக்கெடுப்பு முடிவு வந்தபோது எங்கள் மாவட்டத்தில் ஆயிரம் ஆண்களுக்கு 1,015 பெண்கள் என்று வந்தது. மாநிலச் சராசரி 996. எனக்குப் பெருமை தாங்கவில்லை. “நம்ம பக்கம் பொம்பளைங்களுக்குக் கொறவில்ல பார்த்தீங்களா?” என்று எல்லாரிடமும் சொன்னேன். கணக்கெடுப்புப் பணிக்குப் போயிருந்த ஓர் ஆசிரியர் என் பேச்சைக் கேட்டுச் சிரித்தார். “ஆறு வயசு வரைக்கும் உள்ள பிள்ளைங்க கணக்கு பார்த்தீங்களா சார்?” என்றார். ஆயிரம் ஆண் குழந்தைகளுக்கு 897 பெண் குழந்தைகள். மாநில அளவு 943. தமிழ்நாட்டின் கடைசி வரிசையில் கடலூரோடு நாங்கள் நின்றோம். அதற்கு முந்தைய கணக்கெடுப்பைவிடக் கீழே விழுந்திருந்தோம்.

அவர் விளக்கிச் சொன்னது எனக்குத் தெரிந்த விஷயம்தான்; தெரிந்தும் சேர்த்துப் பார்க்காதது. வேலை வயதில் உள்ள ஆண்கள் திருப்பூர், சென்னை, வளைகுடா, சிங்கப்பூர் என்று போய்விட்டார்கள். கிழவர்கள் முந்திச் சாகிறார்கள், கிழவிகள் இருக்கிறார்கள். அதனால் மொத்தத்தில் பெண்கள் அதிகமாகத் தெரிகிறார்கள். வெளியே போக முடியாத வயதில் உள்ளவர்களை மட்டும் எண்ணினால் உண்மை தெரிகிறது. மொத்த எண்ணுக்குள் குழந்தைகளின் எண் மறைந்துபோகிறது. கரு எந்தப் பால் என்று ஸ்கேனில் சொல்வதைத் தடுக்கும் சட்டம் 1994-லேயே வந்துவிட்டது. சட்டத்துக்கும் அந்த 897-க்கும் நடுவே எத்தனையோ பேர் நிற்கிறார்கள்: டாக்டர், ஸ்கேன்காரர், மாமியார், வரதட்சணை கேட்கும் மாப்பிள்ளை வீடு. அந்த வரிசையில் நானும் நிற்கிறேன். என் வேலை அந்தக் குறைவை முதலில் பார்த்து, கூவிச் சொல்வது. மாவட்டத்துக்குப் பத்தாண்டுக்கு ஒருமுறை வரும் செய்தி என் மேசைக்கு மாதந்தோறும் வந்திருக்க வேண்டும்.

ஏன் இப்படி இருந்தேன் என்று யோசித்துப் பார்த்திருக்கிறேன். சோம்பேறித்தனம் ஒரு காரணம்தான். ஆனால் மனு விசாரணை, தேர்தல் பணி, புயல் பணி என்று இரவு பகல் வேலை பார்த்தவனும் நானே. பயம் இன்னொரு காரணம். எங்கள் நிர்வாகத்தில் தப்பான எண் எழுதியதற்காக மெமோ வாங்கியவர்கள் குறைவு. போன மாதத்திலிருந்து மாறிய எண்ணை எழுதியவனுக்கு மெமோ நிச்சயம். “ஏன் கூடியது, ஏன் குறைந்தது, விளக்கம் தருக.” மாறாத எண்ணுக்கு விளக்கம் தேவையில்லை. வேலையில் சேர்ந்த சில மாதத்திலேயே இதை நான் கற்றுக்கொண்டேன், யாரும் சொல்லித் தரவில்லை.

இந்தக் காரணத்தை எழுதும்போதே இது என்னைக் காப்பாற்றும் காரணம் என்பதும் தெரிகிறது. அதே மேலதிகாரிகள், அதே படிவம், அதே சம்பளம். பக்கத்துக் குறுவட்டத்தில் ஒருவர் அடங்கலில் குத்தகைக்காரப் பெண்கள் பெயரை எழுதினார். சிவப்பு மையில் அடித்துத் திருத்திய அவர் புத்தகங்கள் பார்க்க அசிங்கமாக இருக்கும். ஜமாபந்தியில் அவர் திட்டு வாங்கும்போது நான் பக்கத்தில் என் புத்தகத்தோடு நின்றிருக்கிறேன். அவரால் முடிந்தது எனக்கு ஏன் முடியவில்லை என்றால், நல்ல பேர் எனக்கு வேண்டியிருந்தது. ஏழைகளிடம் காசு வாங்கவில்லை என்று ஒரு நல்ல பேர், அதிகாரிகளிடம் சுத்தமான கணக்கு என்று ஒரு நல்ல பேர். இரண்டையும் வைத்துக்கொள்ள மூன்றாவது ஒன்றைக் கொடுத்தேன். அது அடுத்தவர்களுடையது.

சாரத்திலிருந்து விழுந்தவரின் மனைவியை ஓய்வு பெற்ற பிறகு போய்ப் பார்த்தேன். மகன் தலையெடுத்துவிட்டான், உதவித்தொகை வேறு யாரோ முயன்று பல வருசம் கழித்துக் கிடைத்திருக்கிறது. அன்றைக்கு நான் ஒரு கடிதம் எழுதியிருக்கலாம், வேண்டுமென்றேதான் எழுதவில்லை என்று சொன்னேன். அவர் ஆறுதல் சொல்வார் என்று உள்ளுக்குள் எதிர்பார்த்துத்தான் போயிருக்கிறேன் போலிருக்கிறது. “அந்த நாலு வருசம் எம்புள்ளைய வேலைக்கு அனுப்பினேன். எட்டாவதோட நின்னுட்டான். இப்ப வந்து எதுக்குங்க சொல்றீங்க?” என்றார். பதில் இல்லாமல் திரும்பினேன். ஒத்துக்கொள்வதால் பாரம் குறைகிறது என்பார்கள். எனக்குக் குறைந்தது, அவருக்குக் கூடியது. அதனால் இனி யார் வீட்டுக்கும் போய்ச் சொல்வதில்லை என்று வைத்திருக்கிறேன். எழுத்தில் சொல்வது, என் இடத்தில் இப்போது இருப்பவர்கள் படிக்கட்டும் என்பதற்காக.

2021-இல் நடக்க வேண்டிய மக்கள்தொகைக் கணக்கெடுப்பு தள்ளிப்போய், 2027 மார்ச் 1-ஐ அடிப்படை நாளாகக் கொண்டு நடக்கிறது. இந்த முறை கைபேசிச் செயலியில் பதிவு. ஒரு கட்டத்தைக் காலியாக விட்டால் செயலி அடுத்த பக்கத்துக்குப் போக விடாமல் செய்யலாம். அந்தக் கட்டத்தில் இருப்பது வீட்டுக்காரர் சொன்னதா, எதிர்வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து ஊகித்ததா என்று எந்தச் செயலியும் கண்டுபிடிக்காது. எண்ணப் போகும் ஆசிரியர்களுக்கும், எல்லை காட்டக் கூடப் போகும் அலுவலர்களுக்கும் நான் சொல்ல ஒன்றுதான் உண்டு. பூட்டிய வீட்டுக்கு இன்னொரு தரம் போங்கள். வாசலில் நிற்கும் ஆம்பிளை சொன்னதோடு நிறுத்தாமல், உள்ளே இருக்கும் பெண்ணிடம் எத்தனை பிள்ளை பெற்றாள், எத்தனை இருக்கிறது என்று அவள் வாயாலேயே கேட்டு எழுதுங்கள். அந்தத் தெருவில் அதை ஏற்கெனவே கேட்டு வைத்திருக்கும் செவிலியர் ஒருவர் இருப்பார். அவர் நோட்டோடு வந்தால் நாற்காலி எடுத்துப் போட்டு உட்காரச் சொல்லுங்கள்.